பூட்டிய வீடுகள் – 9: இரண்டு ஒக்டோபர் முப்பதுகள்

யாழ்ப்பாணத்துக் காணி உறுதி ஒன்றை ஆறுதலாக வாசித்துப் பார்த்திருக்கிறீர்களா? முதலில் காணியின் பெயர் வரும். இங்கே ஒவ்வொரு துண்டு நிலத்துக்கும் பெயர் உண்டு. ஒன்று எவரோ ஒரு பாட்டனின் வளவு, இன்னொன்று புளியடித் தோட்டம். பிறகு பரப்புக் கணக்கு, குழிக் கணக்கு. அதன் பின் நான்கு எல்லைகள்: கிழக்கே இன்னாருடைய ஆதனம், வடக்கே ஒழுங்கை, மேற்கே இன்னார் பெண்சாதி இன்னாளுடைய ஆதனம், தெற்கே இன்னாரும் பங்காளரும். கிணற்றில் உள்ள பங்கும் வழி வாய்க்கால் உரித்தும் கடைசியில் வரும். உங்கள் வீடு எது என்று சட்டத்துக்குச் சொல்ல வேண்டுமானால், உங்கள் அயலவர் யார் என்று சொல்லியே ஆகவேண்டும்.

யாழ்ப்பாண நகரத்து முஸ்லிம்கள் வாழ்ந்த சோனகதெருவை ஒட்டிக் காணி வைத்திருந்த தமிழ்க் குடும்பங்களின் உறுதிகளில் முஸ்லிம் பெயர்கள் எல்லைகளாக நிற்கின்றன. அந்த முஸ்லிம் குடும்பங்களின் உறுதிகளில் தமிழ்ப் பெயர்கள் நிற்கின்றன. ஒருவரின் வீட்டுக்கு மற்றவர் சாட்சி. இந்த அத்தியாயம் அந்தச் சாட்சி அறுந்த கதை.

சென்ற அத்தியாயத்தில் மலாயாவுக்குப் போனவர்களைப் பார்த்தோம். ரயில்வேயிலும் அரசாங்கக் கந்தோர்களிலும் வேலை பார்த்து, பென்சனோடு ஊர் திரும்பி, நாற்சார் வீடும் சங்கடப்படலையும் கட்டி வாழ்ந்து முடித்த தலைமுறை அது. போவதும் திரும்புவதும் அவர்கள் கையில் இருந்தது. கப்பல் ஏறும்போதே திரும்பி வரும் வீட்டின் அளவு மனதில் இருந்தது. இனி வரும் இரண்டு வெளியேற்றங்களில் போகச் சொன்னவர் வேறு, போனவர் வேறு. இரண்டும் ஒக்டோபர் 30ஆம் திகதி நடந்தவை. இடையில் சரியாக 5 ஆண்டுகள்.

முதலாவது 1990, ஒரு செவ்வாய்க்கிழமை.

அந்த மாத நடுப்பகுதியிலேயே சாவகச்சேரி முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டிருந்தார்கள். பிறகு மன்னார். எருக்கலம்பிட்டி போன்ற ஊர்களிலிருந்து ஆயிரக்கணக்கானோர் வள்ளங்களில் கடலால் கற்பிட்டிக்குப் போய்ச் சேர்ந்தார்கள். ஆனாலும் யாழ்ப்பாண நகரத்து முஸ்லிம்கள் தங்களுக்கு அப்படி நேரும் என்று எண்ணவில்லை. நகரத்தின் இரும்புக் கடைகளிலும் தையற் கடைகளிலும் நகை வேலையிலும் லொறிப் போக்குவரத்திலும் அவர்கள் கை இருந்தது. இலங்கை சிவில் சேவையில் சேர்ந்த முதல் முஸ்லிமும் பின்னர் கொழும்பு ஸாஹிறாக் கல்லூரி அதிபருமான ஏ. எம். ஏ. அஸீஸ் வண்ணார்பண்ணையில் பிறந்தவர். எம். எம். சுல்தான் இந்த நகரத்தின் மேயராக இருந்தவர். நகரம் அவர்களுடையதும்தான் என்பதற்கு வேறு அத்தாட்சி தேவைப்பட்டிருக்காது.

அன்று காலை சோனகதெருவில் ஒலிபெருக்கி வந்தது. குடும்பத்துக்கு ஒருவர் ஒஸ்மானியாக் கல்லூரிக்குப் பக்கத்திலுள்ள ஜின்னா மைதானத்துக்கு வரவேண்டும் என்றார்கள். கூடியவர்களிடம் விடுதலைப் புலிகளின் யாழ்ப்பாணப் பொறுப்பாளர் இளம்பரிதி கட்டளையைச் சொன்னார். 2 மணி நேரத்துக்குள் எல்லா முஸ்லிம்களும் யாழ்ப்பாணத்தை விட்டுப் போய்விட வேண்டும். ஏன் என்று கேட்டவர்களுக்குக் கிடைத்த பதில் துப்பாக்கியின் வெடிச்சத்தம்.

2 மணி நேரத்தில் ஒரு வீட்டில் எதை எடுக்கலாம்? பிள்ளைகள், வயோதிபர், உறுதிப் பெட்டி, கொஞ்ச நகை, மாற்றுடுப்பு. அதையும் ஐந்துசந்தியில் வைத்துச் சோதித்தார்கள். நகையைக் கழற்றச் சொன்னார்கள். பெண்களின் காதுகளில் கிடந்த தோடுகளும் போயின. உறுதிகளும் பல இடங்களில் பறிக்கப்பட்டன. சில நூறு ரூபாயும் உடுத்த உடுப்புமாகத் தெற்கு நோக்கி அனுப்பினார்கள். வாகனம் கிடைத்தவர்கள் வாகனத்தில், கிடைக்காதவர்கள் நடையில் வவுனியாவை நோக்கிப் போனார்கள். வட மாகாணத்தின் 5 மாவட்டங்களிலிருந்தும் அந்த இரண்டு கிழமைகளில் இப்படி வெளியேற்றப்பட்டவர்கள் 70,000க்கும் மேல். பெரும்பாலானோர் புத்தளத்தில் தென்னந்தோட்டங்களுக்கிடையே ஓலைக் கொட்டில் போட்டுக் குந்தினார்கள்.

பூட்டிய வீடுகளுக்கு என்ன ஆனது என்பதை மனித உரிமைகளுக்கான பல்கலைக்கழக ஆசிரியர் அமைப்பு அந்தக் காலத்திலேயே எழுதி வைத்தது. முதலில் வீட்டுச் சாமான் வெளியே வந்து விலைப்பட்டது. பிறகு கதவு, யன்னல், நிலை. கடைசியாகக் கூரை மரமும் ஓடும். வாங்கியவர்களும் இந்த ஊரவர்கள்தான். ஆயுதத்துக்குப் பயந்து பேசாமல் இருந்தவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். அந்த அமைப்பை நிறுவியவர்களில் ஒருவரான ராஜினி திராணகம கொல்லப்பட்டு அப்போது ஓராண்டுதான் ஆகியிருந்தது, வாய் திறந்தால் என்ன நடக்கும் என்று நகரத்துக்குத் தெரியும். ஆனால் மலிவாகக் கிடைக்கிறதென்று அயல்வீட்டு நிலைக்கதவை வாங்கித் தன் வீட்டில் பொருத்தியதற்குப் பயம் காரணம் அல்ல. தமிழரின் வரலாற்றை எழுதுகிறவர்கள் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். இந்தத் தொடரில் அதைத் தாண்டிப் போக எனக்கு மனம் இல்லை.

இரண்டாவது 1995, ஒரு திங்கட்கிழமை.

அந்த ஆண்டு யூலை 9ஆம் திகதி நவாலி சென் பீற்றர்ஸ் தேவாலயத்தில் தஞ்சம் புகுந்திருந்தவர்கள் மீது விமானப்படை குண்டு போட்டதில் 100க்கு மேற்பட்டோர் இறந்தார்கள். ஒக்டோபர் 17இல் 'ரிவிரெச' இராணுவ நடவடிக்கை தொடங்கியது. பலாலியிலிருந்து புறப்பட்ட படை புத்தூர், நீர்வேலி எனக் கீழிறங்க, வலிகாமத்துச் சனம் ஏற்கனவே நகரத்துக்குள் வந்து நிறைந்திருந்தது. இந்த நிலையில் 30ஆம் திகதி மாலை ஒலிபெருக்கி வந்தது. எல்லோரும் உடனே தென்மராட்சிக்கோ வடமராட்சிக்கோ போகவேண்டும். கட்டளை புலிகளுடையது. பின்னால் கேட்ட ஷெல் சத்தம் இராணுவத்தினுடையது. அன்றிரவு நடந்தவர்கள் ஒன்றுக்காக மட்டும் நடக்கவில்லை.

நகரத்திலிருந்து தென்மராட்சிக்குப் போகச் செம்மணி வெளியைக் கடந்து நாவற்குழிப் பாலத்தால் போகவேண்டும். இரண்டு பக்கமும் கடல்நீர் ஏரி, நடுவில் ஒடுங்கிய தெரு. அந்தத் தெருவில் 4 லட்சத்துக்கு மேற்பட்ட சனம் ஓர் இரவில் இறங்கியது. மழை வேறு. அந்த இரவைக் கடந்தவர் யாரைக் கேட்டாலும் முதலில் சொல்வது ஒன்றுதான்: நடக்கவில்லை, நகர்ந்தோம். சைக்கிள் கரியரில் அரிசி மூட்டை, அதன் மேல் பிள்ளை. கதிரையில் வைத்துக் காவப்பட்ட ஆச்சி. சேலைன் போத்தலோடு ஆஸ்பத்திரியிலிருந்து புறப்பட்ட நோயாளர். தண்ணீர் கேட்டு அழுத குழந்தைக்குக் குடையைக் கவிழ்த்து மழைத்தண்ணீர் ஏந்திக் கொடுத்த கதையைப் பலர் சொல்லக் கேட்டிருக்கிறேன். சாதாரண நாளில் சைக்கிளில் அரை மணித்தியாலத்தில் முடியும் தூரத்துக்கு ஓர் இரவும் மறுநாளில் பாதியும் போனது.

"ரெண்டு மூண்டு நாளில திரும்பிடலாம் எண்டுதான் வெளிக்கிட்டனாங்கள்." இந்த வசனத்தை எத்தனை பேரிடம் கேட்டிருப்பேன் என்று கணக்கில்லை. அதனால்தான் கதவைப் பூட்டினார்கள், திறப்பை மடியில் கட்டினார்கள். மாட்டை அவிழ்த்துவிட்டார்கள். கோழிக்கு ஒரு சட்டி நெல்லைப் போட்டுவிட்டு வந்தார்கள். ஆச்சிமார் சிலர் வரமாட்டோம் என்று விறாந்தையிலேயே இருந்துவிட்டார்கள். டிசெம்பர் 5ஆம் திகதி இராணுவம் யாழ்ப்பாணத்தில் கொடியேற்றியபோது நகரத்தில் எஞ்சியிருந்தவர்களில் பலர் இப்படி இருந்துவிட்ட முதியவர்கள்தான்.

தென்மராட்சியில் சாவகச்சேரியும் கொடிகாமமும் நிரம்பி வழிந்தன. பள்ளிக்கூடம், கோயில் மடம், மாந்தோப்பு, தெரிந்தவர் வீட்டு மாட்டுக் கொட்டில் எல்லாம் குடியிருப்பாயின. ஒரு பகுதியினர் கிளாலியால் ஏரி கடந்து வன்னிக்குப் போனார்கள். அவர்களுடைய பாதை வேறாகி, ஊர் ஊராக இழுபட்டு, 2009 மே மாதம் முள்ளிவாய்க்காலில் போய் முடிந்தது. மற்றவர்கள் 1996 ஏப்ரலில் இராணுவம் தென்மராட்சிக்குள் வந்ததும், வந்த வழியே திரும்பி நடந்தார்கள். திறப்பு மடியில் இருந்தது. பல வீடுகளில் அந்தத் திறப்புக்குரிய கதவு இல்லை. கதவு, யன்னல், ஓடு, வயர், கிணற்றுக் கப்பி எல்லாம் போயிருந்தன.

5 ஆண்டுகளுக்கு முன் சோனகதெருவில் நடந்தது அச்சொட்டாக அப்படியே நகரம் முழுவதிலும் நடந்திருந்தது. அதைத் தண்டனை என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். நான் அப்படிச் சொல்ல மாட்டேன். கைக்குழந்தைக்கும் கதிரையில் காவப்பட்ட ஆச்சிக்கும் எதற்குத் தண்டனை? ஆனால் நிலையில்லாத வாசலில் திறப்போடு நின்ற ஒருவருக்கு, அதே போல் நின்றிருக்க வேண்டியவர்கள் புத்தளத்தில் கொட்டிலில் இருக்கிறார்கள் என்ற எண்ணம் வந்திருக்கலாம். அந்த எண்ணம் வந்தவர்கள் உண்டு. அவர்கள்தான் பிற்காலத்தில், முஸ்லிம்கள் திரும்பி வந்தபோது, பள்ளிவாசல் வாசலில் முதலில் போய் நின்றவர்கள்.

திரும்பிய ஊரும் பழைய ஊராக இல்லை. சனம் நடந்து தப்பிய அதே செம்மணி வெளி 1996இல் காவலரண்களின் இடமாயிற்று. பிடிக்கப்பட்டவர்கள் அங்கே புதைக்கப்பட்டார்கள் என்று 1998இல் தண்டனை பெற்ற சிப்பாய் ஒருவரே நீதிமன்றத்தில் சொன்னார். மறு ஆண்டு தோண்டியபோது 15 எலும்புக்கூடுகள் எடுக்கப்பட்டன. 2025இல் செம்மணி சித்துப்பாத்தியில் நடந்த அகழ்வில் 200க்கும் மேல். குழந்தைகளுடையவையும் அவற்றில் இருந்தன.

வலிகாமம் வடக்கைப் பற்றித் தனி அத்தியாயமே எழுதலாம். இங்கே ஒன்றை மட்டும் சொல்லிப் போகிறேன். மயிலிட்டி, பலாலி, வசாவிளான், தையிட்டி, குரும்பசிட்டிச் சனம் 1990 யூன் மாதமே வெளிக்கிட்டது. உயர் பாதுகாப்பு வலயம் என்ற பெயரில் அவர்களுடைய ஊர்கள் முட்கம்பிக்குள் போயின. போர் முடிந்து 4 ஆண்டுகளின் பின், 2013 ஏப்ரலில், 6,381 ஏக்கரைச் சுவீகரிக்கப் போவதாக அரசாங்கம் அறிவித்தல் ஒட்டியது. உரிமையாளர்களை அடையாளம் காண முடியவில்லை என்று அதில் எழுதியிருந்தார்கள். உரிமையாளர்களோ சில மைல் தள்ளி மல்லாகம் கோணாப்புலத்திலும் சுன்னாகம் சபாபதிப்பிள்ளை முகாமிலும் அரசாங்கமே கொடுத்த பங்கீட்டு அட்டையோடு இருந்தார்கள். 2,000க்கு மேற்பட்டோர் உறுதியைத் தூக்கிக்கொண்டு நீதிமன்றம் போனார்கள். அதன் பிறகே துண்டு துண்டாக விடுவிப்பு நடந்தது. மயிலிட்டித் துறைமுகம் 2017 யூலையில் திரும்பக் கிடைத்தபோது 27 ஆண்டுகள் ஆகியிருந்தன. போனவர்கள் வீட்டைத் தேடவில்லை, எல்லையைத் தேடினார்கள். புல்டோசர் போன நிலத்தில் வீடு ஏது? கோயில் கேணியிலிருந்து காலால் அளந்து, பட்டுப்போன ஒரு பூவரசை வைத்து, "இதுதான் எங்கட கிணத்தடி" என்று சொன்னார்கள். தையிட்டியில் தனியார் காணியில் எழுப்பிய விகாரையின் முன்னால் காணிக்காரர் இன்னும் போராடுகிறார்கள்.

இனித் திரும்புதல் பற்றி.

2002 ஏப்ரலில் கிளிநொச்சியில் நடந்த பத்திரிகையாளர் மாநாட்டில், பிரபாகரனின் பக்கத்தில் இருந்த அன்ரன் பாலசிங்கம் முஸ்லிம்களை வெளியேற்றியது தவறு என்று ஒப்புக்கொண்டு மன்னிப்புக் கேட்டார். அதைக் கேட்டு வந்து பார்த்த முஸ்லிம் குடும்பங்கள் சோனகதெருவில் கண்டது ஆளுயரப் பற்றையும் சுவர்த் துண்டுகளும். போர் முடிந்த பின்னர் வேறொரு தடை முளைத்தது. 2008 ஏப்ரலுக்குப் பின் இடம்பெயர்ந்தவர் புதியவர், அதற்கு முன் இடம்பெயர்ந்தவர் பழையவர் என்று கந்தோர்களில் பிரித்தார்கள். உதவி முதலில் புதியவருக்குப் போனது. 20 ஆண்டு காத்திருந்தவர், காத்திருந்த காரணத்தாலேயே வரிசையின் கடைசிக்குப் போனார்.

அதைவிடப் பெரிய சிக்கல் கணக்கில் இருந்தது. 1990இல் ஒரு வீட்டிலிருந்து ஒரு குடும்பம் போனது. திரும்பும்போது அது 4 குடும்பமாக வந்தது. பிள்ளைகள் கலியாணம் கட்டிவிட்டார்கள், பேரப்பிள்ளைகள் புத்தளத்துப் பள்ளிக்கூடங்களில் படிக்கிறார்கள். சோனகதெருவில் வளவுகள் சிறியவை. ஒரு வீடு நின்ற இடத்தில் 4 வீடு கட்ட முடியாது. வீட்டுத்திட்டமோ காணி உள்ளவருக்குத்தான். அப்படியானால் மற்ற மூவரும் எங்கே போவது? அவர்களுக்கு அரச காணி கேட்டபோது, வெளியாட்களைக் குடியேற்றுகிறார்கள் என்று நம்மவர்களே குரல் எழுப்பியது உண்டு. ஊரைவிட்டு அனுப்பப்பட்டவரின் பிள்ளையை வெளியாள் என்று சொல்வதற்கு நமக்கு நா எப்படி எழுந்தது? ரொறன்ரோவில் பிறந்த தமிழ்ப் பிள்ளை யாழ்ப்பாணத்துக்கு வந்தால் ஊர்ப் பிள்ளை வந்திருக்கிறது என்று கொண்டாடுகிறோம். புத்தளத்தில் பிறந்த சோனகதெருப் பிள்ளையும் ஊர்ப் பிள்ளைதான்.

எருக்கலம்பிட்டியில் பிறந்த புவியியற் பேராசிரியர் எஸ். எச். ஹஸ்புல்லா, வடக்கு முஸ்லிம்கள் இழந்த வீடு, காணி, கடை எல்லாவற்றையும் ஊர் ஊராகக் கணக்கெடுத்து நூலாக்கியவர். தன் வாழ்நாளின் பெரும்பகுதியை இதற்கே கொடுத்தார். 2018இல் அவர் காலமானார். அவர் எடுத்த கணக்கைப் போல இன்னொன்று தமிழ்ப் பக்கத்திலிருந்து வரவில்லை. ஓர் அயலவன் தானாகவே எழுதித் தந்திருக்க வேண்டிய கணக்கு அது.

சட்டத்தின் பக்கம் ஒரு சிறு கதவு திறந்தது. ஒருவருடைய காணியில் இன்னொருவர் 10 ஆண்டு தடையின்றி இருந்தால் காணி அவருக்கே ஆகிவிடலாம் என்பது இலங்கையின் பழைய காலாவதிச் சட்டம். போரினால் ஊருக்கு வரமுடியாதிருந்தவர்களுக்கு இது பெரும் அநியாயமாயிருந்தது. 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் 1983 மே 1 முதல் 2009 மே 18 வரை ஆயுதக் குழுக்களின் நடவடிக்கையால் காணிக்கு வரமுடியாதவர்களுக்கு அந்தக் காலத்தைக் கணக்கில் எடுக்காமல் விட்டது. நல்ல சட்டம். ஆனால் வழக்குப் போட உறுதி வேண்டும், எல்லை சொல்ல ஆள் வேண்டும். உறுதி ஐந்துசந்தியில் பறிபோனவருக்குக் காணிப் பதிவகத்துப் பிரதியாவது கிடைக்கலாம். எல்லை சொல்லும் ஆளுக்கு எங்கே போவது?

இங்கேதான் புலம்பெயர்ந்தவர் வீடுகளின் கதையும் வந்து சேர்கிறது. யாழ்ப்பாணத்தில் இன்று பூட்டிக் கிடக்கும் தமிழர் வீடுகளில் பல, சீதன வீடுகள். தேசவழமைப்படி தாய் வீடு மகளுக்குப் போகும். மகள் இப்போது ரொறன்ரோவில் அல்லது லண்டனில் அல்லது சூரிச்சில். விற்க மனமில்லை. அம்மா தந்த வீடு. "பிள்ளையளின்ர படிப்பு முடிய வந்திருப்பம்" என்று சொல்லி 30 ஆண்டு. விற்பதென்றாலும் பங்காளிக்கும் உரித்தாளிக்கும் முதலில் அறிவித்தல் கொடுக்கவேண்டும், அவர்களோ ஆளுக்கொரு நாட்டில். பராமரிக்க வைத்தவர் ஓர் அறையில் இருக்க, மற்ற அறைகளில் வௌவால். தீவகத்தில் இது இன்னும் அதிகம். புங்குடுதீவைப் பற்றி அடுத்த அத்தியாயத்தில் எழுதுகிறேன்.

அந்த வீடுகளின் உறுதிகள் கடல் கடந்து போய்விட்டன. ரொறன்ரோவில் ஒரு வங்கிப் பெட்டகத்தில், லண்டனில் ஓர் அலுமாரியின் மேல் தட்டில், பொலித்தீன் உறைக்குள் இருக்கின்றன. அவற்றின் எல்லை வரிகளில் 1990இல் போகச் சொல்லப்பட்டவர்களின் பெயர்கள் இருக்கின்றன. வைத்திருப்பவர்களுக்கு வயது 70, 80. கிழக்கு வேலிக்கு அப்பால் யார் இருந்தார், பொதுக் கிணற்றில் யாருக்குப் பங்கு, ஒழுங்கை எவ்வளவு அகலம் என்பதெல்லாம் அவர்களுக்கு இன்னும் நினைவில் உண்டு.

வாசகர்களிடம் நான் கேட்பது இதுதான். உங்கள் வீட்டிலோ பெற்றோர் வீட்டிலோ அப்படி ஓர் உறுதி இருந்தால் அதை எடுத்துப் பிரதி பண்ணுங்கள். எல்லையில் நிற்கும் முஸ்லிம் அயலவரின் வளவு எது, எங்கே தொடங்கி எங்கே முடிந்தது என்று தெரிந்த பெரியவரிடம் கேட்டு, ஒரு தாளில் படம் கீறி, திகதியிட்டுக் கையொப்பம் வாங்குங்கள். அதைச் சோனகதெருப் பள்ளிவாசலிலோ, அந்தக் குடும்பத்தைத் தெரிந்தவரிடமோ ஒப்படையுங்கள். அவர்களுடைய வீட்டு நிலையோ கதவோ உங்கள் வளவில் இருந்தால், அதையும். வரும் ஒக்டோபர் 30க்கு முன் செய்யுங்கள், பெரியவர்கள் இன்னும் நம்மோடு இருக்கும்போதே.